ஏற்காட்டு மலையில் ஒரு பேட்டில் ராயல்: டாக்டிகல் ஷூட்டருக்குப் புது மோடு வடிவமைக்க முழு வழிகாட்டி

கையில் ஒரு டாக்டிகல் ஷூட்டர் கணினி ஆட்டம் இருக்கிறது. 5 பேருக்கு 5 பேர். தலையில் ஒரு தோட்டா பட்டால் ஆள் காலி, ஓடிக்கொண்டே சுட்டால் குறி தப்பும், பாதி ஆட்டம் காலடிச் சத்தத்தை வைத்தே நடக்கும். இதற்கு ஒரு பேட்டில் ராயல் மோடு, அதாவது பலர் ஒரே மேப்பில் இறங்கிக் கடைசிவரை உயிரோடு இருப்பவர் ஜெயிக்கும் ஆட்ட வகை, சேர்க்க வேண்டும். மேப்பைப் பெரிதாக்கி, ஆட்களைக் கூட்டி, ஜோனை, அதாவது வெளியே நின்றால் சாக வேண்டிய ஆட்ட வட்டத்தை, சுருக்கிவிட்டால் வேலை முடிந்தது என்றுதான் முதலில் தோன்றும். அப்படிச் செய்த மோடை ஆடிப் பார்த்தால் நடப்பது வேறு. பத்து நிமிடம் லூட் (தரையில் கிடக்கும் ஆயுதம், பொருள்) பொறுக்கிவிட்டு, எங்கிருந்து வந்தது என்றே தெரியாத ஒரு தோட்டாவில் சாக வேண்டியிருக்கும்.

காரணம் இதுதான். 5-க்கு 5 ஆட்டத்தில் எதிரி எத்தனை பேர், எங்கிருந்து கிளம்புகிறார்கள், எந்த இடத்துக்கு வந்தாக வேண்டும் என்பதெல்லாம் முன்பே தெரியும். அதனால்தான் ஒரே தோட்டாவில் செத்தாலும் நியாயமாகப் படுகிறது. ‘அந்த மூலையைப் பார்த்திருக்கணும்’ என்று நமக்கே தோன்றும். பேட்டில் ராயல் இந்தத் தகவல் எல்லாவற்றையும் பிடுங்கிக்கொள்கிறது. அப்பெக்ஸ் லெஜெண்ட்ஸ் மாதிரி பேட்டில் ராயல் ஆட்டங்களில் தோட்டாவைத் தாங்கும் ஷீல்டு இருப்பதால், முதல் தோட்டா பட்ட பிறகும் ஓடி ஒளிந்து யோசிக்க நேரம் கிடைக்கும். நம் ஆட்டத்தில் அந்த நேரத்தைக் கொடுக்க வேண்டுமானால் துப்பாக்கியின் குணத்தையே மாற்ற வேண்டும். மாற்றினால் அது வேறு ஆட்டம்.

துப்பாக்கியைத் தொடாமல், பறிபோன தகவலை வேறு வழியில் திருப்பிக் கொடுப்பதுதான் வழி. இந்த வழிகாட்டி முழுவதற்கும் ஒரே விதி: யாருக்கு எந்த வசதி கிடைத்தாலும், அதற்கு விலையாக அவர் தன்னைப் பற்றி ஒரு துப்பை மற்றவர்களுக்குக் கொடுத்தாக வேண்டும்.

இதை நன்றாகச் செய்து காட்டியது, 2018 டிசம்பரில் கவுன்டர்-ஸ்ட்ரைக்: குளோபல் அஃபென்சிவில் வந்த ‘டேஞ்சர் ஸோன்’ மோடு. அதில் ஒவ்வொருவர் கையிலும் ஒரு டேப்லட். மேப் அறுகோணக் கட்டங்களாகப் பிரிந்திருக்கும். எந்தக் கட்டத்தில் ஆள் இருக்கிறார் என்பது அதில் தெரியும், கட்டத்துக்குள் எந்த மூலையில் என்பது தெரியாது. துப்பாக்கி வாங்கினால் டிரோன் பறந்து வந்து கொடுக்கும். அந்த டிரோனைப் பார்க்கிற எவரும் அதன் பின்னாலேயே வாங்கியவரிடம் வந்துவிடலாம். 2023-இல் வந்த கவுன்டர்-ஸ்ட்ரைக் 2-இல் இந்த மோடு இல்லை. ஆனாலும் அந்த டேப்லட்டும் டிரோனும் சொல்லிக்கொடுத்த பாடம் இன்றைக்கும் செல்லும்.

களமாக ஏற்காட்டை எடுத்துக்கொள்கிறேன். கொண்டை ஊசி வளைவு, காபித் தோட்டம், பனிமூட்டம், ஒரு பக்கம் சரேலென்று இறங்கும் சரிவு என்று, இந்த மோடில் வரக்கூடிய சிக்கல் எல்லாம் அங்கே ஒரே இடத்தில் இருக்கிறது.

முதலில் அளவு

பப்ஜியின் எராங்கல் மேப் 8 கி.மீ.க்கு 8 கி.மீ., 100 பேர். கடலையும் சேர்த்து ஆளுக்கு 0.64 சதுர கி.மீ. வருகிறது. அங்கே வண்டி உண்டு, பாராசூட் உண்டு. நம்மிடம் இருப்பது கால் மட்டும்.

துப்பாக்கியோடு ஓடும் வேகம் விநாடிக்கு 5 மீட்டர் என்று வையுங்கள். 1.2 கி.மீ. பக்கமுள்ள சதுர மேப், பரப்பு 1.44 சதுர கி.மீ. மூவர் கொண்ட 8 ஸ்குவாட் (குழு), மொத்தம் 24 பேர். ஒரு ஸ்குவாடின் பங்கு 0.18 சதுர கி.மீ., அதாவது ஏறத்தாழ 425 மீட்டர் பக்கமுள்ள சதுரம். அதைக் கடக்க 85 விநாடி ஆகும். இதே மேப்பில் 60 பேரை விட்டால் இந்த இடைவெளி 54 விநாடியாகக் குறைந்துவிடும்.

இந்த விநாடிக் கணக்கு ஏன் முக்கியம்? டாக்டிகல் ஷூட்டரில் ஒரு சண்டை 20, 30 விநாடியில் முடிந்துவிடும். வென்றவர்கள் தோட்டா நிரப்பி, லூட் எடுத்து, இடம் மாற இன்னொரு அரை நிமிடம் வேண்டும். சத்தம் கேட்ட அடுத்த ஸ்குவாட் அதற்கு முன்பே வந்து சேர்ந்தால், முதலில் சுட்டவன் எப்போதும் தோற்பான். அப்புறம் யாரும் சுட மாட்டார்கள். எல்லாரும் புதரில் படுத்துக்கிடப்பார்கள். 85 விநாடி என்றால் ஜெயித்தவனுக்கு மூச்சுவிட நேரம் இருக்கிறது. உங்கள் ஆட்டத்தின் ஓட்ட வேகம் வேறாக இருந்தால் இந்தக் கணக்கை அதற்கேற்பப் போட்டு, மேப் அளவை அதிலிருந்து எடுங்கள்.

மலையைச் செதுக்குதல்

சேலம் நகரம் கடல் மட்டத்திலிருந்து ஏறத்தாழ 280 மீட்டர் உயரத்தில் இருக்கிறது. ஏற்காடு ஏறத்தாழ 1,500 மீட்டரில். நடுவே 20 கொண்டை ஊசி வளைவு. அதை அப்படியே நகலெடுக்க முடியாது, எடுக்கவும் வேண்டாம். 1.2 கி.மீ.க்குள் 120 மீட்டர் ஏற்றமும் நான்கு வளைவும் போதும்.

2000 பிப்ரவரியில் எண்டெவர் விண்கலம் ரேடார் வைத்து எடுத்த உயரத் தரவு இலவசமாகக் கிடைக்கிறது. ஏற்காடு இருக்கும் சேர்வராயன் மலை முழுவதும் அதில் உண்டு. ஆனால் 30 மீட்டருக்கு ஒரு புள்ளிதான். நம் மேப்பின் ஒரு பக்கத்துக்கு வெறும் 40 புள்ளி. ஒரு பங்களாவும் அதன் முற்றமும் ஒரே புள்ளிக்குள் அடங்கிவிடும். ஆகவே முகடு எங்கே, ஓடை எங்கே என்ற எலும்புக்கூட்டை மட்டும் அதிலிருந்து எடுத்துக்கொண்டு, மீதியைக் கையால் செதுக்குங்கள். அன்ரியல் என்ற கேம் என்ஜினில் செய்தால் 1009-க்கு 1009 புள்ளி நிலத்தை 1.2 மீட்டர் இடைவெளியில் வைத்தால் அளவு சரியாக வரும்.

இடங்களை இப்படி அடுக்கலாம். கீழ் விளிம்பில் வளைவு ரோடும் பஸ் ஸ்டாப்பும். நடுவில் ஒரு காபி எஸ்டேட்: பங்களா, பழத்தின் தோலை உரிக்கும் பல்ப்பர் ஹவுஸ், காபி காயப்போடும் களம், தொழிலாளர் குடியிருக்கும் லைன் வீடுகள். மேற்கே கிளியூர் அருவி மாதிரி ஓர் அருவி. கிழக்கே பழைய பாக்சைட் பள்ளம். உச்சியில் லேடீஸ் சீட் மாதிரி, சேலத்தைப் பார்த்த புல்வெளி விளிம்பு. எஸ்டேட்டைக் கற்பனையாகவே வையுங்கள், நிஜ எஸ்டேட்டின் பெயரும் கட்டடமும் வேண்டாம். சேர்வராயன் கோயிலையும் மலைக் கிராமங்களையும் கண்டிப்பாகச் சண்டைக்களமாக்க வேண்டாம். மலைவாழ் மக்கள் மே மாதத் திருவிழாவுக்குக் கூடும் சந்நிதி அது. அங்கே ஒருவனை மறைந்து நின்று சுட வைப்பது எனக்கு ஒப்பவில்லை, ஆட்டத்துக்கு அது தேவையும் இல்லை.

ஒவ்வோர் இடத்துக்கும் வாயில் சட்டென்று வரும் பெயர் ஒன்று வேண்டும். வளைவுகளில் 1/4, 2/4 என்று நிஜ மலைப்பாதையில் இருப்பது போலவே பலகை வையுங்கள். “மாப்ள, களத்துல ரெண்டு பேரு. பல்ப்பர் சைடு நான் பாத்துக்கறேன், நீ மூணாவது வளைவுக்கு ஏறு” என்று மைக்கில் ஒரே மூச்சில் சொல்ல முடிந்தால் மேப் படிய ஆரம்பித்துவிட்டது என்று அர்த்தம். ‘அந்த மரத்துக்குப் பக்கத்துல, இல்ல, இன்னொரு மரம்’ என்று சொல்ல வேண்டிய இடம் இருந்தால் அங்கே ஒரு தண்ணீர்த் தொட்டியோ பழைய ஜீப்போ வைத்து அடையாளம் கொடுங்கள்.

மலை மேப்பின் பெரிய வியாதி, மேலே இருப்பவனே ஜெயிப்பது. விளிம்பில் இருப்பவனுக்கு முதுகுப் பக்கம் பள்ளத்தாக்கு, பின்னாலிருந்து யாரும் வர முடியாது. முன்னால் எல்லாமே தெரியும். இங்கேதான் நம் விதியைக் கறாராகப் போட வேண்டும். உச்சியில் நிற்கிற ஆளுக்குப் பின்னால் வானம் மட்டுமே இருக்க வேண்டும். மரமோ பாறையோ கூடாது. அப்போது அவன் உருவம் கீழிருந்து கறுப்பாக, பளிச்சென்று தெரியும். பார்க்கிற வசதிக்கு விலை, பார்க்கப்படுவது. லூட்டையும் மேலே குறையுங்கள்.

காபிச் செடிக்குள் ஒருவன்

நான் அதிக நேரம் செலவழிக்கச் சொல்வது இந்த இடத்தில்தான். காபிச் செடியைக் கவாத்து செய்து ஆள் உயரத்துக்குள் வைத்திருப்பார்கள். குனிந்தால் மறையலாம், நிமிர்ந்தால் தலை தெரியும். செடிகளுக்கு மேலே நிழலுக்காக சில்வர் ஓக், அதில் ஏறும் மிளகுக் கொடி. டாக்டிகல் ஷூட்டருக்கு இதைவிட நல்ல மறைப்பு அமையாது.

சிக்கல் திரையில் வருகிறது. வேகத்துக்காக, தூரத்தில் இருக்கும் செடி, புல்லை என்ஜின் வரையாமல் விட்டுவிடும். செடிக்குள் குனிந்திருப்பவன் தான் மறைந்திருப்பதாக நம்புவான். 200 மீட்டர் தள்ளி இருப்பவன் திரையிலோ மொட்டைத் தரையில் ஒருவன் குந்தியிருப்பான். கிராஃபிக்ஸ் செட்டிங்கைக் குறைத்து வைப்பவர்களுக்கு இது இன்னும் கொண்டாட்டம். திறமைக்குப் பரிசு கொடுக்கிற ஆட்டத்தில் இது நேர்மைக்கேடு.

ஆளை மறைக்கும் எந்தச் செடியும் எல்லார் திரையிலும், எல்லாத் தூரத்திலும், எல்லா செட்டிங்கிலும் மறைக்க வேண்டும். அதற்கு காபி வரிசைகளை, தனிச் செடியாக வரையாமல், தூரத்தில் ஒரே நீளக் கட்டியாக வரையுங்கள். இலை விவரம் போனாலும் உருவமும் உயரமும் போகக் கூடாது. இதைச் செய்ய மெமரி இல்லையென்றால் அந்தச் செடியை முழங்கால் உயரத்துக்குக் குறைத்துவிடுங்கள். மறைப்பே தராத செடியால் யாரும் ஏமாற மாட்டார்கள்.

மறைப்புக்கும் விலை உண்டு. செடிக்குள் நகர்ந்தால் நுனி ஆட வேண்டும். நகராமல் இருப்பவனுக்குச் செடி சும்மா இருக்கும். பொறுமையாக இருப்பவனுக்கும் அவசரப்படுபவனுக்கும் உள்ள வித்தியாசம் அந்த இலை அசைவில் தெரிந்துவிடும்.

சத்தம்

மேப்பின் காலத்தை டிசம்பர், ஜனவரி என்று வையுங்கள். காபி அறுவடைக் காலம், களம் நிறையக் காபிப் பழம் காயும், காலையில் பனியும் இருக்கும். காய்ந்த பழத்தின் மேல் நடந்தால் மொறுமொறுவென்று நொறுங்கும். சில்வர் ஓக் சருகும் அப்படித்தான், ஓர் அடி வைத்தாலே காட்டிக்கொடுத்துவிடும். தார் ரோட்டில் சத்தம் குறைவு, ஆனால் மறைப்பே இல்லை. லைன் வீட்டுத் தகரக் கூரையில் ஏறினால் ஊருக்கே கேட்கும்.

தொடக்க அளவாக ஓடும் சத்தம் சருகிலும் களத்திலும் 35 மீட்டர், தார் ரோட்டில் 20 மீட்டர், தகரத்தில் 60 மீட்டர் வரை கேட்கட்டும். மெதுவாக நடந்தால் தார் ரோட்டில் மட்டும் சத்தமே இல்லாமல் போகலாம். இப்படி வைத்தால் ஒவ்வொரு பாதையும் ஒரு பேரமாகிறது: அடுத்தவன் கண்ணில் பட வேண்டுமா, காதில் விழ வேண்டுமா?

அருவிக்குப் பக்கத்தில் 40 மீட்டருக்குக் காலடி கேட்காது. பதுங்க நல்ல இடம். ஆனால் உள்ளே இருப்பவனுக்கும் வருகிறவன் சத்தம் கேட்காது. அந்த ஒன்றே போதுமான விலை.

துப்பாக்கிச் சத்தம் மேப் முழுவதும் கேட்கட்டும். முகட்டுக்கு அந்தப் பக்கத்திலிருந்து வந்தால் மட்டும் மங்கலாக, திசை லேசாகக் குழம்பி வர வேண்டும். மலையில் நிஜமாகவே அப்படித்தான் கேட்கும்.

ஜோன் கணக்கு

பலர் தவறு செய்யும் இடம் இது. 600 மீட்டர் ஆரமுள்ள வட்டம் 400 மீட்டராகச் சுருங்குகிறது என்றால் ஓட வேண்டிய தூரம் 200 மீட்டர் என்று கணக்குப் போட்டுவிடுவார்கள். புது வட்டம் ஒரு பக்கமாக ஒதுங்கி, பழைய வட்டத்தின் விளிம்பைத் தொட்டுக்கொண்டு அமைந்தால், எதிர்ப்பக்க விளிம்பில் இருப்பவன் அதைப் போல் இரண்டு மடங்கு, 400 மீட்டர் ஓட வேண்டும். 60 விநாடிதான் கொடுத்தீர்கள் என்றால் ஜோன் சுவர், அதாவது சுருங்கும் வட்டத்தின் விளிம்பு, விநாடிக்கு 6.7 மீட்டரில் துரத்தும். நம் ஆள் 5 மீட்டர்தான் ஓடுவான். அவன் எந்தத் தவறும் செய்யாமலே சாவான்.

ஆகவே மிக மோசமான நிலையில்கூடச் சுவர் விநாடிக்கு 4 மீட்டருக்கு மேல் போகாதபடி வையுங்கள். ஆரம் 600, 400, 250, 150, 80, 30 என்று சுருங்கினால், சுருங்கும் நேரம் முறையே 100, 75, 50, 35, 25 விநாடி. அதற்கு முன் காத்திருக்கும் நேரம் 120, 90, 60, 45, 30 விநாடி. இதுவரை 630 விநாடி. கடைசி 30 மீட்டர் வட்டத்துக்கு 30 விநாடி நிறுத்தம், 60 விநாடியில் முழுவதும் மூடல். ஆக மொத்தம் 720 விநாடி, 12 நிமிடம். தோற்றவன் உடனே ‘இன்னொரு மேட்ச்’ என்று சொல்லக்கூடிய நீளம்.

இது சமதளக் கணக்கு. மலையில் சுவர் நேர்கோட்டில் வரும், மனிதன் வளைந்துதான் போக முடியும். இரண்டாவது வளைவிலிருந்து மூன்றாவது வளைவு நேராகப் பார்த்தால் கூப்பிடு தூரம். நடுவில் தடுப்புச் சுவரும் செங்குத்துச் சரிவும் இருப்பதால் சுற்றித்தான் வர வேண்டும். அதனால் சர்வர் புது வட்டத்தைத் தேர்ந்தெடுக்கும்போதே, பழைய வட்ட விளிம்பில் 10 பாகைக்கு ஒன்றாக 36 புள்ளிகளை எடுத்து, ஒவ்வொன்றிலிருந்தும் நடைபாதைத் தூரத்தைக் கணக்கிடட்டும். ஏற்றத்தில் வேகம் குறைவதையும் சேர்த்துக்கொள்ள வேண்டும். ஏதாவது ஒரு புள்ளியிலிருந்து, காத்திருப்பும் சுருங்கலும் சேர்ந்த நேரத்துக்குள் வர முடியாதென்றால் அந்த வட்டத்தைத் தள்ளிவிட்டு வேறொன்று. விநாடிக்குள் முடியும் வேலைதான்.

கடைசி வட்டத்தைச் சீட்டுக் குலுக்கலுக்கு விடாதீர்கள். மொட்டைச் சரிவில் அமைந்தால் மேல்பக்கம் இருப்பவனுக்கு வெற்றியைத் தாம்பாளத்தில் வைத்துக் கொடுத்த மாதிரி ஆகிவிடும். மூன்று பக்கமாவது மறைப்புள்ள இடங்களாக ஒரு டஜனைக் கையால் பொறுக்கி, அதிலிருந்து ஒன்றை சர்வர் எடுக்கட்டும்.

துப்பாக்கியும் பணமும்

எல்லார் கையிலும் தொடக்கத்தில் ஒரே பிஸ்டல். அதுவும் தலையில் பட்டால் கொல்ல வேண்டும். வெறுங்கையோடு இறக்கிவிட்டு, முதலில் துப்பாக்கி எடுத்தவன் ஜெயிப்பது டாக்டிகல் ஷூட்டருக்கு ஆகாது. மொத்தம் ஏழெட்டு ஆயுதம் போதும். ஸ்கோப், பிடி, சைலன்ஸர் என்று தனித்தனிப் பாகம் வேண்டாம். பொருள் பொறுக்கும் நேரம் வீண். கவுன்டர்-ஸ்ட்ரைக்கில் ஏகே-47 ஹெல்மெட் போட்டவனையும் ஒரே தோட்டாவில் வீழ்த்தும், எம்4 வீழ்த்தாது. அந்த ஒரு வித்தியாசத்தைச் சுற்றி எத்தனை முடிவுகள் நடக்கின்றன! உங்கள் ஆட்டத்தில் அப்படி எந்த வித்தியாசம் இருக்கிறதோ அதை இந்த மோடிலும் தொடாதீர்கள்.

தரையில் துப்பாக்கிக்குப் பதில் பணம் கிடக்கட்டும். பங்களா அலமாரி, எஸ்டேட் ஆபீஸ் பெட்டி என்று. வாங்கினால் டிரோன் 25 விநாடி பறந்து வரும், 80 மீட்டருக்கு இரையும்.

செத்த நண்பனை ஒரு முறை திரும்பக் கூப்பிடலாம் என்று வையுங்கள். பஸ் ஸ்டாப்புக்குப் போய்ப் பணம் கட்ட வேண்டும். அரை நிமிடத்தில் சேலத்து பஸ் ஒன்று ஏர் ஹாரன் அடித்துக்கொண்டு வளைவேறி வரும். அந்த ஹாரன் 24 பேருக்கும் கேட்கும். அப்பெக்ஸ் 2019-இல் செத்தவரைத் திரும்பக் கூப்பிடும் வசதியைக் கொண்டுவந்ததால் நண்பர்கள் சேர்ந்து ஆடுவது சுலபமானது. அந்த நன்மையை விட வேண்டாம். ஆனால் நம் ஆட்டத்தில் உயிருக்கு மதிப்பு அதிகம். அதனால் பஸ் கீழ் ரோட்டில் மட்டும், ஸ்குவாடுக்கு ஒரு தடவை மட்டும்.

பனி

ஏற்காட்டில் பனி சரிவிலிருந்து ஏறி வந்து நிமிடத்தில் எல்லாவற்றையும் மூடும், அதே வேகத்தில் கலையும். மேட்சுக்கு ஒன்று அல்லது இரண்டு தடவை, 40 விநாடிக்கு, பார்வை 40 மீட்டராகக் குறையட்டும். விளிம்பில் ஸ்னைப்பரோடு உட்கார்ந்தவன் கீழே இறங்கித்தான் ஆக வேண்டும். திறந்த புல்வெளியைக் கடக்க முடியாமல் நின்றவனுக்கு வழி திறக்கும். வருவதற்கு 20 விநாடி முன்பே பள்ளத்தாக்கிலிருந்து வெண்மை ஏறுவது எல்லாருக்கும் தெரிய வேண்டும். பனியின் நேரத்தையும் அடர்த்தியையும் சர்வர்தான் தீர்மானிக்க வேண்டும், செட்டிங்கில் அணைக்க வழியே இருக்கக் கூடாது.

சர்வர் பக்கம்

விநாடிக்கு எத்தனை முறை சர்வர் கணக்குப் பார்க்கிறது என்பதுதான் டிக். 128 டிக் என்றால் 7.8 மில்லி விநாடிக்கு ஒரு முறை பார்க்கும், 64 என்றால் 15.6. வாலரண்ட் என்ற டாக்டிகல் ஷூட்டர் 2020-இல் 128-ஐ எல்லாருக்கும் கொடுத்தது. 24 பேருக்கு 64-ஐயாவது விடாப்பிடியாகக் காப்பாற்றுங்கள்.

அதைவிட முக்கியம், சுவருக்குப் பின்னால் பார்க்கும் ஹேக். தகவலே செல்வம் என்று ஒரு மோடைக் கட்டிவிட்டு, அதை ஹேக்கருக்கு இலவசமாகக் கொடுக்க முடியாது. ஆடுபவன் கண்ணுக்குத் தெரியாத எதிரியின் இடத்தை ஆடுபவன் கணினிக்கு அனுப்பவே கூடாது. மேப்பை 10 மீட்டர் கட்டங்களாகப் பிரித்தால் 14,400 கட்டம். எந்தக் கட்டத்திலிருந்து எது தெரியும் என்று முன்கூட்டியே கணித்து, ஒவ்வோர் இணைக்கும் ஒரு பிட் வைத்தால் மொத்தம் 26 மெகாபைட்டுக்குள் அடங்குகிறது. மலை முகடே பெரிய சுவராக இருப்பதால் பாதிக்கு மேற்பட்ட எதிரிகளை எந்நேரமும் மறைத்துவிடலாம். காலடிச் சத்தத்தை அனுப்பும்போது மட்டும், துல்லியமான இடத்தை அனுப்பாமல் சற்றே கலைத்து அனுப்புங்கள். இல்லையென்றால் அதே ஓட்டை வேறு வழியில் திறந்துவிடும்.

சோதனை

படம், நிறம் எதுவும் இல்லாத சாம்பல் நிறப் பெட்டிகளால் மேப்பைக் கட்டி, முதலில் ஆறு பேரோடு 350 மீட்டர் வட்டத்துக்குள் ஆடுங்கள். எஸ்டேட்டும் களமும் மட்டும் போதும். அங்கே சண்டை நன்றாக இல்லையென்றால் மலை முழுவதையும் கட்டினாலும் நன்றாக இருக்காது. 24 பேர் வரும்வரை மீதியைப் பாட்களால் (கணினியே ஆட்டும் ஆட்கள்) நிரப்பலாம், ஆனால் சத்தத்தையும் மறைப்பையும் பாட்களை வைத்து மதிப்பிடாதீர்கள். அதற்கு மனிதக் காது வேண்டும்.

ஒவ்வொரு சாவுக்குப் பிறகும் ஒரே கேள்வி திரையில் வரட்டும்: ‘சுட்டவர் எங்கே இருந்தார் என்று உங்களுக்குத் தெரியுமா?’ மேப்பில் விரல் வைத்துக் காட்டச் சொல்லுங்கள். காட்டிய இடத்துக்கும் உண்மையான இடத்துக்கும் உள்ள தூரத்தைப் பதிவு செய்யுங்கள். மூன்றில் இரண்டு பேராவது 15 மீட்டருக்குள் காட்டினால் என் கணக்கில் மோடு ஆரோக்கியமாக இருக்கிறது. குறைந்தால் துப்பாக்கியின் சேதத்தைக் குறைக்க ஓடாதீர்கள். பிழையாகக் காட்டப்பட்ட இடங்களை மேப்பில் சிவப்பாகக் குறியுங்கள். பெரும்பாலும் இரண்டு, மூன்று இடத்தில் குவியும். அங்கே பின்னணியில் வானம் தெரிகிறதா, சருகு போட்டிருக்கிறதா, செடி உயரம் சரியா என்று ஒவ்வொன்றாகத் திருத்துங்கள்.

கூடவே இன்னும் மூன்றைக் குறித்து வையுங்கள்: முதல் சண்டை எத்தனையாவது நிமிடத்தில், ஜோன் சுவரால் செத்தவர் எத்தனை பேர், ஒரு சண்டை முடிந்து 30 விநாடிக்குள் மூன்றாவது ஸ்குவாட் வந்தது எத்தனை தடவை. முதலாவது மூன்று நிமிடத்தைத் தாண்டினால் மேப்பைக் குறுக்குங்கள். இரண்டாவது மேட்சுக்கு ஒருவருக்கு மேல் போனால் பாதைக் கணக்கில் ஓட்டை. மூன்றாவது அடிக்கடி வந்தால் ஸ்குவாடை 8-லிருந்து 7 ஆக்கிவிட்டு, மறுபடியும் ஒரு வாரம் ஆடவிட்டு எண்களை ஒப்பிடுங்கள்.